நம்பர் போடாத பேச்சியம்மா

அக்கரப்பத்தனை பசாரில் பஸ் நிற்கிற இடத்துக்கு எதிரே என் கொமினிகேஷன் கடை. போட்டோக் கொப்பி, ரீலோட், படம் பிடித்தல் என்று பலகையில் எழுதியிருந்தாலும் பாதிச் சனம் வருவது ஃபோரம் நிரப்பத்தான். அடையாள அட்டை, பிறப்புச் சான்றிதழ், வெளிநாட்டு வேலை, பள்ளிக்கூட அனுமதி. இருபத்திரண்டு வருடமாக அடுத்தவர்களுடைய பேர்களை எழுதி எழுதி என் நடுவிரலில் காய்ப்பே விழுந்துவிட்டது. என் பேர் றுக்கையா. பசாரில் எனக்குக் கோபக்காரி என்று பேர். ஃபோரத்தில் அடித்தல் திருத்தல் வந்தால் எனக்குப் பொறுக்காது, அவ்வளவுதான். அதற்கு இந்தச் சனம் கோபம் என்று சொல்கிறது.

அந்தக் கோபக்காரி செய்த ஒரு பிழையைத்தான் சொல்லப் போகிறேன். பிழை என்னுடையது. பட்டவள் பேச்சியம்மா.

பேச்சியம்மா நாலு மைல் மேலே இருக்கிற தோட்டத்தில் கொழுந்து பறிக்கிறவள். அப்போது அவளுக்கு நாற்பத்தொரு வயது. மெலிந்த உடம்பு, வாயைத் திறந்தால் பேச்சை விடச் சிரிப்புத்தான் முதலில் வரும். புருஷன் ஆண்டியப்பன் கொழும்பில் ஒரு கடையில் வேலை. மகள் ஷாமிலா ஹற்றனில் தங்கிப் படிக்கிறாள். ஒரு ஞாயிற்றுக்கிழமை பேச்சியம்மா இடுப்பில் எதையோ கட்டிக்கொண்டு கடைக்குள் நுழைந்தாள். பார்த்தால் உடைந்த பிளாஸ்டிக் கதிரையின் முதுகு.

“என்ன புள்ள இது? ஒக்கார எடம் கெடைக்காதுன்னு கதிரையக் கையோட கொண்டு வந்தியா?”

“சிரிக்காதீங்கக்கா. இத நாலு பக்கமும் போட்டோ புடிச்சுத் தாங்க. மகளுக்கு அனுப்பணும்.”

தோட்டத்தில் கொழுந்துச் சாக்கை முதுகில் தொங்கவிட்டு, அதன் கயிற்றைத் தலையில் மாட்டிக்கொள்வார்கள். பதினைந்து, இருபது கிலோ பச்சைக் கொழுந்து, மழை பெய்தால் அந்தத் தண்ணீரும் சேர்ந்து, அத்தனை பாரமும் கழுத்தில்தான் நிற்கும். பேச்சியம்மாவுக்குக் கழுத்தெலும்பு தேய்ந்து வலது கை விரல்கள் மரத்துப் போகத் தொடங்கியிருந்தன. பாரம் தூக்கக்கூடாது என்றார் டொக்டர். தூக்காமல் எப்படிப் பிழைப்பது என்று அவர் சொல்லவில்லை. இவளே யோசித்திருக்கிறாள்.

கதிரை முதுகின் வளைவு இடுப்பில் ஒட்டிப் பொருந்தியது. டிஷ் வந்த பிறகு லயத்து வரிசை வீட்டுக் கூரைகளில் சும்மா கிடந்த அன்டெனாக் குழாயை வளைத்து, சாக்கின் வாயைத் திறந்தபடியே பிடித்துக்கொள்கிற வளையம் ஒன்று செய்து அதில் பொருத்தினாள். மோட்டார் சைக்கிள் டியூபை வெட்டி வார் போட்டாள். பாரம் தலையை விட்டு இடுப்புக்கு இறங்கிவிட்டது. இதைச் சரிப்படுத்த எட்டு மாதம் பிடித்ததாம். முதலாவது உடைந்து கொழுந்தெல்லாம் தண்ணீர் ஓடுகிற கானில் கொட்டி, கங்காணியிடம் வாங்கிக் கட்டிக்கொண்டாளாம். மூன்றாவது நின்றது. அதற்குள் அவளோடு பறிக்கிற செட்டில் ஆறு பேர் தங்களுக்கும் செய்து தரச்சொல்லிக் கட்டிக்கொண்டு மலைக்குப் போகிறார்கள். மற்றவர்கள் “கதிரைக்காரிங்க வாறாளுக” என்று கேலி பண்ணுகிறார்களாம்.

உள்ளே பழைய பில்லுகளைப் பார்த்துக்கொண்டிருந்த என் புருஷன் ஹமீத் எழும்பி வந்தார். அதைக் கையில் வாங்கிப் புரட்டினார், தன் இடுப்பில் வைத்துப் பார்த்தார்.

“றுக்கையா, இது சும்மா சாமான் இல்ல. எவனாவது கண்டா தூக்கிட்டுப் போயிருவான். முதல்ல காப்புரிமை எடுக்கணும்” என்றார்.

ஹமீத் முன்பு தன் தேயிலைப் பக்கெட்டுக்கு முத்திரை பதியக் கொழும்புக்கு அலைந்தவர். அதனால் அந்த அலுவலகம் அவருக்குத் தெரியும். அதோடு ஹற்றனில் அவருக்குப் பழக்கமான வேலைத்தலக்காரர் ஒருவரிடமும் இதைக் காட்டினார். அந்த மனிதர் நல்ல பிளாஸ்டிக்கில், நல்ல குழாயில் செய்யலாம் என்றார். “பத்திரம் கையில வரட்டும். வந்தா அந்த அக்காவே இங்க வந்து ஆளாளுக்கு அளவெடுத்து மாட்டிக் குடுக்கட்டும். மலைக்குப் போகத் தேவையில்ல.” இதைக் கேட்ட நாளிலிருந்து பேச்சியம்மாவுக்கு அந்தப் பத்திரம்தான் நினைப்பு. கழுத்து முற்றாகப் போவதற்குள் மலையை விட்டு இறங்கி ஒரு மேசைக்குப் பின்னால் உட்கார வேண்டும். அவள் கேட்டது அவ்வளவுதான்.

படங்களை ஷாமிலா வரைந்து அனுப்பினாள். விளக்கத்தை நான் எழுதினேன், ஹமீத் இங்கிலீஷில் போட்டார். கடைசியாகப் பேரும் விலாசமும்.

“எம். பேச்சியம்மா, நானூத்திப் பன்னெண்டு” என்றாள்.

“அதென்ன நானூத்திப் பன்னெண்டு?”

“எம் பேரு நம்பருங்கக்கா. செக்ரோல்ல உள்ளது. நம்பர் போட்டாத்தான் தோட்டத்துல ஆளு தெரியும்.”

தோட்டத்தில் பேச்சியம்மன் கோயில் இருக்கிறது. இரண்டு வீட்டுக்கு ஒரு பேச்சியம்மா. பெரட்டுக் களத்தில் செக்ரோல் பதிவேட்டைப் பார்த்து ஆள் கணக்கெடுக்கும்போதும், கொழுந்து நிறுக்கும்போதும் பேரோடு நம்பரையும் சேர்த்துத்தான் கூப்பிடுவார்கள். அது எனக்குத் தெரியாததல்ல. ஆனால் எனக்குச் சுர்ரென்று ஏறியது. ஒரு பொருளைப் புதிதாக உண்டாக்கியவள். அவள் பேருக்குப் பின்னால் ஒரு இலக்கமா?

“நீ என்ன கைதியா, நம்பர் போட? கண்டுபுடிச்ச ஆளோட பேர் இது. பேர் மட்டும்தான் போகணும். நம்பரும் கிம்பரும் வேணாம்.”

“இல்லக்கா, கடுதாசி வந்தா கிளாக்கர் ஐயாவுக்கு...”

“நானா நீயா ஃபோரம் நிரப்புறது?”

அவள் சிரித்துவிட்டாள். நான் எழுதி முடித்ததும் தாளைத் திருப்பித் தன் பக்கம் வைத்துப் பார்த்தாள். “நம்பர் இல்லாம எம் பேர இப்பதான் பாக்குறேன். நல்லாத்தான் இருக்கு” என்றாள். எனக்கும் பெருமையாக இருந்தது.

விலாசம் என் கடைக்குப் போடலாம் என்றேன். அதற்கு மட்டும் அவள் ஒத்துக்கொள்ளவில்லை. தோட்டத்து ஆபிசுக்கு வரட்டும், அங்கே கிளாக்கர் கையால் தரட்டும், நாலு பேர் பார்க்கட்டும் என்றாள். ஆசைதானே, விட்டுவிட்டேன். லயத்தில் காம்பரா என்கிற ஒற்றை அறை வீடுகளுக்குத் தனி விலாசம் கிடையாது. எல்லார் கடிதமும் ஆபிசுக்குத்தான் போகும். அடையாள அட்டை இலக்கம் ஃபோரத்துக்குள்ளே இருந்தது. உறைக்கு மேலே போகக்கூடியது பேரும் தோட்டமும் மட்டும்தான்.

ஹமீத் நேரே கொழும்புக்குப் போய்க் கையில் கொடுத்து, விண்ணப்ப இலக்கம் எழுதிய துண்டோடு வந்தார். அன்றைக்கே நான் அந்தக் கதிரைப் படத்தை, பேச்சியம்மாவும் சிரித்துக்கொண்டு நிற்கிறபடி, கடையின் ஃபேஸ்புக்கில் போட்டேன். கொடுத்தாயிற்றே, இனி யார் பார்த்தால் என்ன என்று நினைத்தேன்.

பிறகு காத்திருப்பு. மாதம் ஒருதடவை சம்பளத்துக்குப் பிறகு பசாருக்கு வருவாள். வந்தால் கடை வாசலில் நின்று, “ஏதும் தெரிஞ்சுச்சுங்களாக்கா?” என்பாள்.

“ஒனக்குத்தானே கடுதாசி வரும், எனக்கா வரும்? கவர்மெண்டுன்னா அப்படித்தான் புள்ள. பொறு.”

அவளும் பொறுத்தாள். இப்படி ஒன்றரை வருடத்துக்கு மேலே போய்விட்டது. இரண்டாவது வருடம் கைவிரல்கள் மூன்று மடங்காமல் போயின. பறிப்பது குறைந்தது. கொழும்புக்கு ஒரு போன் எடுத்துப் பார்ப்போம் என்று எனக்கு ஒருநாள்கூடத் தோன்றவில்லை. அவளைப் பொறு பொறு என்று விரட்டியதுதான் நான் செய்த வேலை.

ஒரு மழைப் பின்னேரம், கடையில் ஆளில்லை. அவள் மட்டும் பஸ்ஸுக்குக் காத்திருந்தாள். சும்மா இருக்கிற கையோடு அவள் பேரைக் கம்பியூட்டரில் தேடிப் பார்த்தேன். அடேயப்பா, எத்தனை பேச்சியம்மா! தமிழ்நாட்டில் ஏதோ ஊரின் வாக்காளர் பட்டியலில் வரிசையாகப் பதினொரு பேர். ஒரு காணி வழக்கில் எதிராளி. கனடாவில் ஒரு மரண அறிவித்தல்.

“நீ கனடாவுல செத்துப் போயிட்ட புள்ள, நாலு பேரப்பிள்ளையும் இருக்கு” என்றேன்.

“அடக் கடவுளே, பாஸ்போட்டே இல்லாம எப்புடிப் போனேன்!” என்று விழுந்து விழுந்து சிரித்தாள்.

அந்தச் சிரிப்பு அடங்குவதற்குள் அடுத்த பக்கத்தில் கண்ணில் பட்டது. காப்புரிமை விண்ணப்பப் பட்டியல். பேர், தோட்டம், ஹமீத் கொண்டுவந்த துண்டில் இருந்த அதே இலக்கம். இந்தப் பேச்சியம்மா இவள்தான். பக்கத்தில் இங்கிலீஷில் ஒரு வரி: காலத்துக்குள் பதில் கிடைக்காததால் விண்ணப்பம் கைவிடப்பட்டது. திகதி ஏழு மாதத்துக்கு முந்தியது.

மூன்று தரம் வாசித்தேன். அவள் என் முகத்தையே பார்த்துக்கொண்டிருந்தாள். சொல்லாமல் முடியுமா? சொன்னேன்.

அங்கேயே கொழும்புக்குப் போன் எடுத்தேன். சிங்களத்தில் ஒரு பெண் மரியாதையாகத்தான் பேசினார். விண்ணப்பத்தில் இரண்டு விஷயத்துக்கு விளக்கம் கேட்டு, மூன்று மாதத் தவணை கொடுத்து, பதிவுத் தபாலில் கடிதம் அனுப்பியிருக்கிறார்கள். தோட்டத்தில் பேர் பதிந்து எடுத்திருக்கிறார்கள். “யார் எடுத்தது?” என்றேன். “எம். பேச்சியம்மா என்றுதான் இருக்கிறது, மிஸ்” என்றார்.

போனை வைத்துவிட்டு அவள் பக்கம் திரும்பினேன். அல்லாஹ் மன்னிக்கட்டும், ஒரு நிமிடம் அவள்மேல்தான் சந்தேகப்பட்டேன். “பேர் பதிஞ்சு வாங்கிட்டு எங்க போட்ட?” என்று கத்தினேன்.

“கோயில் பேச்சியம்மா மேல சத்தியமாக்கா, நான் வாங்கல” என்றாள். அழவில்லை. வலது கை விரல்களை இடது கையால் நீவிக்கொண்டே இருந்தாள்.

மறுநாள் காலையில் தோட்டத்து ஆபிசுக்குப் போனோம். கிளாக்கர் வயதான மனிதர், ஒழுங்கானவர். பதிவுத் தபால் புத்தகத்தைப் புரட்டி விரலை வைத்தார்.

“ஆமா, வந்திருக்கு. புள்ளக்காம்பரா ஆயம்மாவுக்குக் குடுத்தேன்.”

புள்ளக்காம்பரா என்றால் தாய்மார் மலைக்குப் போகும்போது குழந்தைகளை விட்டுப் போகிற இடம். அங்கே முப்பது வருடம் பிள்ளை பார்த்தவரைத் தோட்டமே ஆயம்மா என்றுதான் கூப்பிடும். அவர் பேரும் எம். பேச்சியம்மா என்பது எனக்கு அன்றுதான் தெரியும்.

“அது எனக்கு வந்த கடுதாசிங்கய்யா” என்றாள் பேச்சியம்மா.

“ஒனக்குன்னா நானூத்திப் பன்னெண்டுன்னு போட்டிருக்கணுமே? வேலையில உள்ள ஆளுக்கு வார கடுதாசி அம்புட்டுலயும் நம்பர் இருக்கும். நம்பர் இல்லாம வந்தா, அது பேரு வெட்டுனவங்களோடது. நாப்பது வருசமா நான் அப்புடித்தான் குடுக்குறேன், ஒரு கடுதாசி மாறுனதில்ல” என்றார் கிளாக்கர்.

வயது வந்து வேலையை விட்டு நிற்கும்போது செக்ரோலில் பேரை வெட்டுவார்கள். அதோடு நம்பரும் போய்விடும். பிறகு அந்த ஆளுக்கு வெறும் பேர் மட்டும்தான். அவர் சொன்னதில் என்ன பிழை? ஆபிசுக்கு வெளியே வந்து, “நான்தான் புள்ள, நான்தான் வெட்டினேன் ஒன் நம்பர” என்றேன். அவள் கீழ்லயத்துப் படியைப் பார்த்து நடக்கத் தொடங்கினாள். ஏசியிருந்தாலாவது எனக்கு ஆறுதலாக இருந்திருக்கும்.

ஆயம்மா கீழ்லயத்தில் கடைசிக் காம்பரா. பேச்சியம்மா படியிறங்கும்போது வேகமாகத்தான் போனாள். எழுத்துத் தெரியாவிட்டால் யாரிடமாவது காட்டியிருக்க வேண்டாமா, பத்து மாதமா ஒரு மனுஷி கடுதாசியைப் பொத்தி வைப்பது என்று ஆத்திரப்பட்டாள். எனக்கும் அந்த ஆத்திரம் வசதியாக இருந்தது.

ஆயம்மா எங்களைக் கண்டதும் முகமெல்லாம் மலர்ந்து உள்ளே கூப்பிட்டார். கடிதம் என்று நான் ஆரம்பித்ததும், “வந்திருச்சும்மா, எனக்கு எப்பவோ வந்திருச்சு” என்று சாமிப் படத்துக்குப் பின்னால் கையை விட்டார். பொலித்தீன் உறைக்குள் அந்தக் கடிதம். மேலே திருநீறும் குங்குமமும். பிரிக்கவே இல்லை.

“ஏன் ஆயம்மா பிரிச்சுப் பாக்கல?” என்றேன்.

“எப்புடிம்மா சும்மா பிரிக்கிறது? காணி உறுதி ஆச்சே. மகன் சிங்கப்பூர்லேருந்து வந்து, பொங்க வச்சுப் பிரிக்கணும்னு வச்சிருக்கேன்.”

நாலு வருடத்துக்கு முன் தோட்டத்துக்கு அரசாங்க ஆட்கள் வந்து அளந்து, குடும்பத்துக்கு ஏழு பேர்ச் காணி தருவோம், அதற்கான உறுதிப் பத்திரம் பதிவுத் தபாலில் வரும் என்று பேர் எழுதிப் போனார்களாம். இவர் பேரும் எழுதினார்கள். அரச முத்திரை குத்தி, பதிவுத் தபாலில், பேர் வெட்டிய பிறகு அவருக்கு வந்த ஒரே கடிதம் இதுதான். வேறு என்னவென்று அவர் நினைப்பார்? எங்களைப் பின்பக்கம் கூட்டிப் போய்க் காட்டினார். நாலு மூலைக்கும் முளை அடித்துக் கயிறு கட்டி, உள்ளே பீன்ஸும் கொய்யாக் கன்றும் நட்டிருந்தார். “இந்தா, இந்தக் கல்லு வரைக்கும் என்னோடது” என்றார்.

பேச்சியம்மாவின் ஆத்திரம் எங்கே போயிற்றோ தெரியவில்லை. என் கையைப் பிடித்து இழுத்து, “வேணாக்கா, போயிருவோம்” என்று காதுக்குள் சொன்னாள்.

ஆனால் அந்த உறை எங்களுக்கு வேண்டும். கொழும்புப் பெண் போனில் அதைத்தான் கடைசியாகச் சொல்லியிருந்தார்: வேறு ஆளிடம் போனது என்று காட்ட முடிந்தால் எழுதிக் கொடுங்கள், மேலே உள்ளவர்கள் பார்ப்பார்கள். உறையும், வாங்கியவரின் வாக்குமூலமும் வேண்டும். அதை எடுக்க வேண்டுமானால் இது காணி உறுதி இல்லை என்று அந்த மனுஷியிடம் சொல்லியாக வேண்டும். யார் சொல்வது? பிழை செய்தவள்தானே சொல்ல வேண்டும்.

சொன்னேன். அவர் முதலில் நம்பவில்லை. பிரித்து, உள்ளே இருந்த கதிரைப் படத்தைக் காட்டினேன். ஷாமிலா வரைந்த படத்தைத் திருப்பி அனுப்பியிருந்தார்கள். ஆயம்மா அதை வெகுநேரம் பார்த்தார். பிறகு பேச்சியம்மாவின் கன்னத்தைத் தொட்டு, “ஒன்னோடதா மகளே? எனக்குத் தெரியாதேம்மா. தெரிஞ்சிருந்தா அன்னைக்கே குடுத்திருப்பேனே” என்றார். நான் எழுதிய வாக்குமூலத்தில் கைநாட்டு வைத்துக் கொடுத்தார். பொலித்தீன் உறையைக்கூட எங்களிடமே தந்துவிட்டார்.

தலவாக்கலையில் காலை ரயில் ஏறினோம், நானும் அவளும். ஒழுங்காக உடுத்து, தலைக்கு எண்ணெய் வைத்து, மடியில் அந்தப் பையை வைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தாள். றொசல்ல ஸ்டேஷன் தாண்டும்போது, “பிழையா போனதுதானேக்கா, அவங்களும் மனுசங்கதானே, பாப்பாங்க” என்றாள். “பாப்பாங்க புள்ள” என்றேன்.

அந்த அலுவலகத்தில் எங்களை யாரும் விரட்டவில்லை. உட்காரச் சொன்னார்கள், தண்ணீர் தந்தார்கள். மேலதிகாரி எல்லாத் தாளையும் பொறுமையாகப் பார்த்தார். பிறகு விண்ணப்பத்தை எடுத்து என் கையெழுத்தைக் காட்டினார். நீங்கள் எழுதித் தந்த பேர் இது, விலாசம் இது, அப்படியே உறையில் போட்டிருக்கிறோம், அந்தப் பேர் உள்ள ஆள்தான் வாங்கியிருக்கிறார், உங்கள் தோட்டத்தில் இந்தப் பேரில் இரண்டு பேர் இருப்பது எங்களுக்கு எப்படித் தெரியும் என்றார். சிங்களத்தில்தான் சொன்னார். எல்லாமே நியாயம். நியாயத்தோடு எப்படிச் சண்டை பிடிப்பது?

“புதுசா ஒன்னு குடுக்க ஏலாதா?” என்று கேட்டேன்.

அவர் தன் கம்பியூட்டரை எங்கள் பக்கம் திருப்பினார். என் கடையின் ஃபேஸ்புக் படம். இரண்டு வருடமாக ஊரே பார்க்கிற பொருளைப் புதிது என்று இனி எழுத முடியாதாம். எதற்கும் மேலே அனுப்பிப் பார்க்கிறோம், முடிவு எழுத்தில் வரும் என்றார். இந்தத் தடவை என் கடை விலாசத்தைக் கொடுத்தேன். தலைக்கு மேலே வெள்ளம் போன பிறகு சாண் என்ன, முழம் என்ன.

திரும்பி வந்த கிழமையே ஹற்றன் வேலைத்தலக்காரர் ஹமீத்துக்குப் போன் எடுத்தார். பத்திரம் இல்லையென்றால் இத யாரும் செய்யலாம்தானே ஹமீத் நானா, நான் செய்யத் தொடங்கிட்டேன், ரெண்டு தோட்டத்துக்குக் குடுத்தாச்சு, நம்மகிட்டயே அளவெடுக்க ஆள் இருக்கு என்றார். ஹமீத் இதை என்னிடம் சொல்ல இரண்டு நாள் எடுத்தார். நான் பேச்சியம்மாவிடம் சொல்ல அதைவிட அதிக நாள் எடுத்தேன். அவள் கேட்டுவிட்டு, “அவரு போடுற வாரு தோளுல அறுக்குமேக்கா. ரப்பர்தான் போடணும். யாராச்சும் அவருகிட்டச் சொல்லுங்க” என்றாள். பொறுக்க முடியாமல் நான்தான் அழுதேன்.

முடிவு போன மாதம் வந்தது. அரச முத்திரையோடு ஒரு தாள். நானே எடுத்துக்கொண்டு பேச்சியம்மாவின் லயத்துக்குப் போனேன். ஞாயிற்றுக்கிழமை, வீட்டில் இருந்தாள். விரல் மடங்காததால் இப்போது அவளைக் கொழுந்துக்கு எடுப்பதில்லை, இடது கையால் புல்லுப் பிடுங்கத்தான் போகிறாள். நான் தாளை வாசித்தேன். மறுபரிசீலனை செய்ய இடமில்லை, விண்ணப்பம் நிராகரிக்கப்படுகிறது, இந்த முடிவே இறுதியானது. அவள் தலையை ஆட்டினாள். தேத்தண்ணி போட எழும்பினாள்.

அப்போது வாசலில் ஆயம்மா. கீழ்லயத்திலிருந்து அத்தனை படியும் ஏறி வந்ததில் மூச்சு வாங்கியது. உட்காரவில்லை. நிலையைப் பிடித்துக்கொண்டே பேசினார்.

“மகளே, நான் நல்லா யோசிச்சுப் பாத்தேன். ஒன்னோட கடுதாசி எனக்கு வந்துச்சு. அப்ப என்னோடது ஒனக்குத்தானே வந்திருக்கணும்? ஒரே பேரு, ஒரே தோட்டம். நான் கேட்டதும் குடுத்துட்டேன்ல? நீயும் குடுத்துரும்மா.”

“ஆயம்மா, எனக்கு ஒண்ணும் வரலியே...”

“பிழையா எடுத்திருந்தாலும் பரவால்ல. நான் யாருகிட்டயும் சொல்ல மாட்டேன்.”

பேச்சியம்மா என்னைப் பார்த்தாள். பேசிப் புரியவைக்கிற விஷயமா அது? அவள் கட்டிலுக்கடியில் இருந்த தகரப் பெட்டியை இழுத்தாள். உள்ளே இருந்த எல்லாத் தாளையும் எடுத்து ஒவ்வொன்றாகத் தரையில் வைத்தாள். ஆயம்மா குனிந்து உட்கார்ந்தார். ஒன்றை எடுப்பார், வெளிச்சத்தில் பிடிப்பார்.

“இது?”

“இது எங்க கலியாண சட்டிபிகட்டுங்க ஆயம்மா.”

“இது?”

“ஷாமிலாவோட பொறப்பு.”

“இது?”

“கிளினிக் துண்டு.”

எல்லாம் முடிந்தது. ஆயம்மாவின் கண் என் மடியில் இருந்த தாளுக்குப் போனது. “அதுல முத்திரை இருக்கே” என்றார். நான் கொடுத்தேன். இரண்டு கையாலும் வாங்கினார்.

“இது என்னம்மா சொல்லுது?”

“இல்லன்னு சொல்லுது ஆயம்மா” என்றாள் பேச்சியம்மா. “முடியாதுன்னு எழுதியிருக்காங்க.”

“யாருக்கு முடியாதுன்னு? பேரு என்ன போட்டிருக்கு?”

பேச்சியம்மா தரையில் கிடந்த தாள்களை ஒன்றாக அடுக்கினாள். பிறகு, “எம். பேச்சியம்மான்னுதாங்க” என்றாள்.

“நம்பரு?”

“நம்பர் இல்லைங்க.”

ஆயம்மா தாளை மடித்தார். “அப்ப எனக்கும்தான் இல்ல” என்றார்.

அது வேறு, இது வேறு, உங்கள் காணிக்கும் இதற்கும் ஒரு சம்பந்தமும் இல்லை என்று சொல்ல நான் வாயைத் திறந்தேன். காணி வரும் என்று என்னால் சொல்ல முடியுமா? அவர் எழும்பக் கை நீட்டினார். பேச்சியம்மாவின் வலது கைக்குப் பிடிக்கப் பலமில்லை. நான்தான் பிடித்துத் தூக்கிவிட்டேன்.